என் முகத்துக்கு ஒரு சாம்பிள் ஓடு

சித்தப்பா மகளின் ரிசப்ஷனுக்குப் போய் வந்த அன்றே முடிவு செய்துவிட்டேன், என் கல்யாணத்தில் என் முகத்தைச் சாம்பலாக்க யாரையும் விடக்கூடாது என்று. அவளும் என்னைப்போல நல்ல கருப்பு. பியூட்டி பார்லர்காரம்மா தன்னிடம் இருந்த ஒரே ரோஸ் கலர் கிரீமை அவள் முகத்தில் அப்பியதில், முகம் சாம்பல் பூத்து ஒருத்தியுடையதாகவும் கழுத்து இன்னொருத்தியுடையதாகவும் ஆகிப்போனது. மாப்பிள்ளை வீட்டுப் பெரியம்மா ஒருத்தர் மேடைக்கே ஏறி வந்து, "பொண்ணுக்குக் காச்சலாங்க?" என்று விசாரித்தார். எங்கள் ஊர் பார்லர்களுக்கு மனித முகம் என்றால் ரோஸ்தான். நாங்கள் மட்டும் என்ன யோக்கியம்? விருத்தாசலம் செராமிக் பேட்டையில் நான் வண்ணம் தீட்டிய பொம்மைகளில், வெயிலில் கூடை சுமக்கும் தயிர்க்காரிக்குக்கூட ரோஸ் முகம்தான்.

எனக்குப் பார்த்திருந்த மாப்பிள்ளை ஸ்ரீமுஷ்ணத்துக்காரர். உச்சி வெயிலில், கோயில் வாசலில், பவுடரெல்லாம் வியர்வையில் வழிந்துபோன முகத்தைப் பார்த்துத்தான் சரி என்று சொல்லியிருந்தார். எனக்கு அதில் கொள்ளைச் சந்தோஷம். அவர் பார்த்த அதே முகத்தோடு மேடையில் உட்கார வேண்டும். ஆனால் மேக்கப்பும் வேண்டும். கல்யாணப் பொண்ணுக்கு ஆசை இருக்காதா?

இதை என் பக்கத்தில் உட்கார்ந்து வேலை செய்த தோழியிடம் புலம்பினேன். அவள் மங்கலம்பேட்டையிலிருந்து பஸ்ஸில் வருகிறவள். அவளுடைய அண்ணன் துபாயில் ஒரு பெரிய கடையில் சாமான் அடுக்குகிறவர், அப்போது லீவில் வந்திருந்தார். "அங்க சூடான்காரம்மா, மலையாளி நர்ஸு, வெள்ளக்காரி எல்லாத்துக்கும் அவங்கவங்க கலருல ஒரே அலமாரியில கிரீம் டப்பா இருக்குதாம். ஒன் கலருல ஒரு ஓடு வேவ வச்சுக் குடுடி. அண்ணன் எடுத்துட்டுப் போயி, டப்பாவோட வச்சுப் பாத்து வாங்கி அனுப்பும்" என்றாள்.

எங்கள் வேலையில் பூசும்போது இருக்கிற கலர் வேறு, சூளையில் வெந்து வெளியே வரும் கலர் வேறு. அதனால் எதையும் முதலில் ஒரு சின்ன ஓட்டில் பூசி வேகவைத்துப் பார்ப்போம். அதுதான் சாம்பிள் ஓடு. நான் என் கையைப் பார்த்துப் பார்த்துக் கலர் கலக்குவதைக் கண்டதும், பட்டறையில் இருந்த அத்தனை பெண்களும் ஆளுக்கு ஒரு ஓட்டோடு வந்துவிட்டார்கள். பச்சை மண் என்றால் ஊசியால் பேரைக் கீறிவிடலாம். இவை ஏற்கெனவே ஒருமுறை வெந்த ஓடுகள், ஊசி இறங்காது. எனவே பின்பக்கம் பேனாவால் பேரை எழுதி, பொம்மைகளோடு சூளையில் அடுக்கினோம்.

பேனா மை சூளையில் என்ன ஆகும் என்று ஒருத்திக்கும் தோன்றவில்லை. நாள் முழுக்க நெருப்போடு குடித்தனம் நடத்துகிற எங்களுக்கு! சூளை ஆறித் திறந்தபோது ஓடெல்லாம் அழகாக வெந்திருந்தது, பேர் மட்டும் எரிந்துபோயிருந்தது.

அப்புறம் நடந்ததுதான் கூத்து. இருந்ததிலேயே வெளுத்த ஓடு தன்னுடையது என்று எல்லோரும் பாய்ந்தார்கள். பொம்மைக்குக் கண் எழுதுகிற அக்கா ரவிக்கைக் கையை மேலே சுருட்டி, "வெயில்ல கருத்துப்போச்சுடி. என் ஒரிஜினல் கலரு இங்க இருக்குது பாரு" என்று அக்குள்வரை காட்டினார். கடைக்கோடியில் கிடந்த கருப்பு ஓடுகளை யாரும் தொடவில்லை. எனக்கும் கை அந்த வெளுத்த ஓட்டுப் பக்கம்தான் போனது. கோயில் வாசல் ஞாபகம் வந்தது. ஒவ்வொரு கருப்பு ஓடாகக் கை மேல் வைத்துப் பார்த்து, பொருந்தியதை எடுத்து, "இது என்னுது" என்றேன். தோழி சண்டை தீர்க்க முடியாமல், என் ஓட்டையும், மற்ற எல்லோருக்கும் பொதுவாக அந்த ஒற்றை வெளுத்த ஓட்டையும் அண்ணனிடம் கொடுத்தனுப்பினாள்.

கல்யாணத்துக்கு முன்பே டப்பாக்கள் வந்தன. என்னுடையதைத் திறந்த பார்லர்காரம்மா, "இது பூட் பாலிஷா?" என்று மோந்து பார்த்தார். பிடிவாதமாகப் பூசச் சொன்னேன். பூசி முடித்துக் கண்ணாடியைக் காட்டினார். கழுத்தும் முகமும் ஒரே ஆளுடையவை. அழுகை வந்தது, மை கரையுமே என்று அடக்கிக்கொண்டேன்.

அப்போது பூவோடு அம்மா உள்ளே வந்தார். "மாப்ள வூட்டுக்காரங்க மண்டபத்துக்கே வந்துட்டாங்க. மேக்கப்ப எப்பதான் ஆரம்பிப்பீங்க?"

"முடிச்சிட்டேங்க."

"எங்க?" என்றவர், என்னைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, ஜன்னலில் இருந்த பவுடர் டப்பாவை எடுத்துக்கொண்டு என் முகத்துக்கு வந்தார். நான் அவர் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். "வேணாம்மா. அவரு பாத்தது இந்த மொகத்தத்தான்." அம்மா என்ன நினைத்தாரோ, டப்பாவை மூடிவிட்டுத் தலையில் பூ வைத்தார்.

மேடையில் மாப்பிள்ளை என்னை ஒருமுறை பார்த்துவிட்டு, "அன்னிக்கி வெயில்ல பாத்த மாதிரியே இருக்குற" என்றார். துபாய்வரை போய்வந்த மேக்கப் என்று நான் சொல்லவில்லை.

போட்டோவுக்காக என் பட்டறைப் பெண்கள் மேடை ஏறினார்கள். ஒரே டப்பாவைப் பங்கிட்டுப் பூசிக்கொண்டு, வரிசையாகச் சாம்பல் முகங்கள். நடுவில் நான். ஆல்பத்தில் காய்ச்சல் இல்லாதவள் நான் ஒருத்திதான்.

திரும்ப வேலைக்குப் போனபோது, சூளையிலிருந்து இறக்கிய பொம்மைகளுக்கு நடுவே புது சாம்பிள் ஓடு ஒன்று கிடந்தது. கண் எழுதுகிற அக்கா யாருக்கும் தெரியாமல் வைத்தது. இந்த முறை பேரைப் பேனாவால் எழுதவில்லை, சூளைக் கலரிலேயே எழுதியிருந்தார். எடுத்து என் கை மேல் வைத்துப் பார்த்தேன். என்னைவிட ஒரு படி கருப்பு.