கொரிடோர் தாண்டி வந்த மரம்

பைன் மரத்துப் பிசின் மணம்... காய்ஞ்ச ஊசி இலையள் கார்பெற்றில நிண்டு காலில குத்துற குத்து... டிசம்பர் பிறந்தா எனக்கு முதல்ல ஞாபகம் வாறது உதுதான்.

தொண்ணூறுகளின்ர தொடக்கம். கனடாவில, பாதர்ஸ்ட் - ஃபிஞ்ச் பக்கம் ஒரு பில்டிங்கில ஏழாம் மாடியில இருந்தனாங்கள். இவர் ரெஸ்ரோரன்ற் கிச்சினில வேலை. நான் பகலில இங்கிலிஸ் படிக்கிற இ.எஸ்.எல் வகுப்பு. எங்கட கதவுக்கு நேர் எதிர்க்கதவு இரினாவின்ர. சோவியத்திலயிருந்து வந்த யூதக் குடும்பம். புருசன், ஆறு வயசு மகள் மாஷா. இரினாவும் நானும் ஒரே வகுப்பு. ரெண்டு பேரின்ர இங்கிலிசையும் கூட்டினாலும் ஒரு ஆளுக்குக் காணாது... ஆனா நாங்கள் கதைக்காத கதையில்லை.

அங்க அவவின்ர பாஸ்போர்ட்டில "யூதர்" எண்டு அடிச்சே இருந்ததாம். அதைப் பாத்திட்டு, விரும்பின யூனிவர்சிற்றியில எடுக்கேல்லையாம். நான் கொழும்புச் செக்பொயின்ற் கதையைச் சொன்னன். பேரையும் பிறந்த இடத்தையும் கண்டோடன "அந்தப் பக்கம் நில்" எண்டுற கதை. ரெண்டு பேருக்கும் அதுக்கு மேல விளக்கம் தேவைப்படேல்லை.

ஆனா கும்பிடுறது, விரதம், பெருநாள் ஒண்டும் இரினாவுக்குத் தெரியாது. பயத்தில பெரியாக்கள் பிள்ளையளுக்குச் சொல்லிக் குடுக்காமலே விட்டிட்டினமாம். அவைக்கு இருந்த ஒரே கொண்டாட்டம் நியூ இயர். அதுக்கு வீட்டுக்க ஒரு மரம் வைக்கவேணும். பாத்தா அச்சொட்டாக் கிறிஸ்மஸ் ட்ரீதான். அங்க கிறிஸ்மஸ் கொண்டாடவே விடேல்லை, உது வருசப்பிறப்பு மரம், யேசுவுக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை எண்டு எனக்குச் சத்தியம் பண்ணாத குறை.

அதுக்குக் கனடா நல்ல வசதி. கிறிஸ்மஸ் முடிஞ்ச அடுத்த நாளே சனம் மரத்தை ரோட்டோரம் எறிஞ்சிடும். இவை போய் வடிவாப் பாத்து ஒண்டை எடுத்துக்கொண்டு வருவினம்.

அந்த வருசமும் ஒண்டு வந்தது. ஈயப்பேப்பர் சுத்தின வால்நட், மண்டரின் தோடம்பழம், கண்ணாடியில செய்த ஒரு விண்வெளி வீரர் எண்டு அதில தொங்கவிட்டு, லைற்றும் சுத்தியிருந்தினம்.

முப்பதாம் திகதி பின்னேரம் கதவை இடிக்கிற சத்தம். இரினா. முகத்தில இரத்தமே இல்லை.

"வசந்தி, ஜூடித் வாறாவாம். இன்னும் அரை மணித்தியாலத்தில."

ஜூடித் எண்டுறவ அவையின்ர சினகொக் எண்டுற யூதக் கோயிலில வொலன்ரியர். புதுசா வாற குடும்பங்களைப் பாக்கிறவ. மாஷாவை யூதப் பள்ளிக்கூடத்தில ஃபீஸ் இல்லாமல் சேர்க்க ஓடித் திரிஞ்சவவும் அவதான்.

"மரத்தைக் கண்டா, நாங்கள் யூதரே இல்லை, பொய் சொல்லி வந்தனாங்கள் எண்டு நினைப்பா. மாஷாக்கு இடம் இல்லாமல் போயிடும். அங்க யூதர் எண்டு தள்ளி வைச்சவை... இங்க யூதர் இல்லை எண்டு தள்ளப்போகினம்."

"இங்க கொண்டு வாரும்" எண்டன்.

ரெண்டு பேருமா மரத்தைச் சரிச்சுத் தூக்கி, லைற் வயர் இழுபட இழுபட, கொரிடோர் தாண்டி எங்கட ஹோலுக்க கொண்டந்து, சாமிப் படத்துக்குப் பக்கத்தில நிமிர்த்தி வைச்சம். அவ ஓடிப்போட்டா. எனக்கு மனம் ஆறேல்லை. பாக்கிறவைக்கு எங்கட மரம் மாதிரித் தெரியவேணுமே... பிள்ளையார் படத்தில கிடந்த பிளாஸ்ரிக் மாலையைக் கழட்டி மரத்தின்ர கழுத்தில போட்டன். மரத்துக்குக் கழுத்து எது எண்டு கேக்காதேங்கோ.

எல்லாம் சரி... கீழ பாக்கேல்லை. ரோட்டில கிடந்து காய்ஞ்ச மரம். அவவின்ர வாசலிலயிருந்து எங்கட வாசல் மட்டும் பச்சை ஊசியள் கோடு போட்ட மாதிரிக் கொட்டிக் கிடக்கு.

கதவில இருக்கிற ஓட்டையால பாத்துக்கொண்டே நிண்டன். ஜூடித் வந்தா, உள்ள போனா, தேத்தண்ணி குடிச்சிருப்பா. வெளிக்கிடேக்க எலிவேற்றர் பக்கம் திரும்பேல்லை. நேர எங்கட கதவைத் தட்டினா. பின்னால இரினா, பேயைக் கண்ட மாதிரி.

"இது ஆரின்ர மரம்?"

"எங்கட" எண்டன். "நாங்கள் ஹிந்துஸ். வருசா வருசம் வைக்கிறனாங்கள்."

அதுக்கு முதல் என்ர வாழ்க்கையில வீட்டுக்க ஒரு மரம் வைச்சதில்லை.

மாஷா தாயின்ர பாவாடைக்குப் பின்னால நிண்டு எட்டிப் பாத்தாள். "என்ர மரத்துக்கு மாலை போட்டது ஆர்?"

முடிஞ்சுது எண்டு நினைச்சன்.

ஜூடித் கோட்டைக் கழட்டாமலே எங்கட சோஃபாவில இருந்தா.

"என்ர அப்பா, எங்கட ஆக்கள் நிறைஞ்சிருந்த ஸ்பதைனாவில தையல்காரர். பிறகு நல்ல ஏரியாவுக்கு வீடு மாறினனாங்கள். ஒவ்வொரு டிசம்பரும் வாசல் கதவில கிறிஸ்மஸுக்குப் போடுற பச்சை வளையம் ஒண்டு தொங்கவிடுவார், அயலட்டை எங்களைக் கிறிஸ்ரியன் எண்டு நினைக்கட்டும் எண்டு. வெள்ளிக்கிழமை பின்னேரம் எங்கட ஓய்வுநாள் தொடங்கேக்க அம்மா கர்ட்டினை இழுத்து மூடிப்போட்டுத்தான் மெழுகுதிரி கொளுத்துவா."

பிறகு இரினாவைப் பாத்தா. "எனக்கு இந்த மரத்தில விருப்பமில்லை. என்ர வீட்டில வைக்கமாட்டன். ஆனா என்னட்ட ஒளிக்காதேங்கோ. எங்கட ஆக்கள் ஒளிச்சது காணும்."

எழும்பிப் போகேக்க சொன்னா, "மாஷாக்கு வாற ஜனவரியிலயே இடம் கிடைச்சிட்டுது. அங்க இருக்கேக்க ரெண்டு தரம் சொன்னனான். நீங்கள் கதவையே பாத்துக்கொண்டு இருந்தியள்."

இரினா கொரிடோரிலயே குந்திட்டா. அழுறாவோ சிரிக்கிறாவோ தெரியேல்லை. எனக்கெண்டா அப்பிடி ஒரு நிம்மதி... எங்கட ரெஃபியூஜி கேஸ் சரிவந்த நாளில கூட அப்பிடி மூச்சு விட்டனோ தெரியாது.

இவர் வேலையால வந்து, மாலை போட்ட மரத்தைப் பாத்தார். என்னைப் பாத்தார். சாப்பிடப் போட்டார்.

திருப்பித் தூக்கினா ஒரு ஊசியும் மிஞ்சாது எண்டு மரம் எங்கட வீட்டிலயே நிண்டது. பழைய கலண்டர்ப்படி அவைக்கு இன்னொரு நியூ இயரும் இருக்காம், ஜனவரி நடுவில... எங்கட பொங்கலோட ஒட்டி. மரத்தடியில பொங்கல் படைச்சு ரெண்டு குடும்பமும் சாப்பிட்டம்.

இப்ப நாங்கள் மார்க்கம் எண்டுற ஊரில. எங்கட பேஸ்மென்ற்றிலயும் பெட்டிக்குள்ள ஒரு பிளாஸ்ரிக் மரம் கிடக்கு. மகள் சோடிச்சுப் படம் எடுத்துப் போடுவாள், ஆரும் ஏன் எதுக்கு எண்டு கேக்கிறேல்லை. மாஷா வெள்ளிக்கிழமை தவறாமல் மெழுகுதிரி கொளுத்துறாள். தன்ர வீட்டில மரம் வைக்க விடாள். டிசம்பர் வந்தா தாய்க்கும் மகளுக்கும் அதுக்கொரு சண்டை, ஃபோனில எனக்கு ரெண்டு பக்கத்தாலயும் முறைப்பாடு வரும். சண்டை பிடிக்கட்டும். அண்டைக்குப் பயத்தில குசுகுசுத்ததை விட இந்தச் சத்தம் எவ்வளவோ நல்லது.

போன டிசம்பர் இரினா வீட்டுக்குப் போனன். ரோட்டுப் பக்கத்துப் பெரிய ஜன்னல், கர்ட்டின் முழுக்கத் திறந்து கிடக்கு. ஒரு பக்கம் மாஷா கொண்டந்து வைச்ச, யூதற்ர ஹனுக்காப் பண்டிகை விளக்கு. மற்றப் பக்கம் மரம். காரால இறங்கி ட்ரைவ்வேயிலயே கொஞ்ச நேரம் பாத்துக்கொண்டு நிண்டன். மனம் நிறைஞ்சு போச்சு.

மரத்தில எங்கட பிள்ளையாற்ர மாலை. அந்த முதல் வருசம் மரத்துச் சோடினையளோட சேர்த்து இரினா கொண்டுபோனது. நிறம் வெளிறிப் போச்சு.

இத்தனை வருசமாத் திருப்பித் தாரும் எண்டு கேக்கிறன்...

"அது மரத்தின்ர" எண்டுறா.