சத்தமில்லாத ஐந்தாவது சுருள்

லண்டன் ரெய்னர்ஸ் லேனில் நான் வைத்திருக்கும் சிறிய கடைக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் எங்கள் தமிழ் ஆட்கள்தான். பழைய கலியாண வீடியோ, சாமத்தியச் சடங்கு வீடியோ, ஊரில் நடந்த செத்தவீட்டு வீடியோ என்று எல்லாவற்றையும் கணினிக்கு மாற்றித் தரச் சொல்லிக் கொண்டுவருவார்கள். ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம், எழுபது வயதைத் தாண்டிய வங்காளப் பெண்மணி ஒருவர், துணியில் சுற்றிய வட்டமான தகர டின் ஒன்றை மேசையில் வைத்தார். துணியை அவிழ்க்க முன்னரே வினாகிரி மணம் மூக்கில் ஏறியது.

டென்மார்க்கில் இருந்த காலத்தில் சினிமாச் சுருள் கழுவும் இடமொன்றில் பதினொரு வருடம் வேலை செய்தவன் நான். அந்த மணம் எனக்குத் தெரியும். படச்சுருள் ஒருமுறை புளிக்கத் தொடங்கினால் நிற்காது. பக்கத்தில் இருப்பதையும் சேர்த்துக் கெடுத்துவிடும்.

"வேறையும் இருக்கோ?" என்று கேட்டேன். எங்கள் பேச்செல்லாம் இருவருக்கும் சொந்தமில்லாத ஆங்கிலத்தில்தான் நடந்தது.

"இதோட ஒன்பது. கட்டிலுக்குக் கீழ."

அவருடைய கணவர் ஞாயிறு காலைகளில் கிழக்கு லண்டனில் ஒரு தியேட்டரை வாடகைக்கு எடுத்து, ரெஸ்டோரண்டிலும் தையல் தொழிற்சாலையிலும் வேலை செய்தவர்களுக்கு வங்காளப் படம் காட்டியவராம். அவர் இறந்த பிறகு வீட்டில் மிஞ்சியது இந்த ஒரு படம்தான். வங்கதேசம் பிறக்க முன்னர் டாக்காவில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். அங்கே ஓர் ஆவணக் காப்பகத்துக்கு இவர் எழுதிக் கேட்டிருக்கிறார். பாட்டுப் புத்தகம் மட்டும் இருக்கிறது, படம் இல்லை என்று பதில் வந்திருக்கிறது. இப்போது பக்கத்து வீட்டுக்காரர் மணம் தாங்காமல் முறைப்பாடு செய்துவிட்டார். இரண்டு கிழமைக்குள் டின்களை அகற்ற வேண்டும் என்று கவுன்சிலிலிருந்து கடிதம் வந்திருந்தது.

எல்லோரையும் போல நானும் அவரை 'ஆபா' என்று கூப்பிடத் தொடங்கினேன். அவர்கள் மொழியில் அக்கா. அவருக்கு நான் 'பாய்', அதாவது தம்பி. மரக்கறி வாங்கப் போகும் ட்ரொலியோடு ஓல்ட்கேட்டில் இருந்த அவர் வீட்டுக்கு மூன்று தரம் போய், மிச்ச எட்டு டின்களையும் கொண்டுவந்தேன். ரயிலில் என் பக்கத்து இருக்கை காலியாகவே வந்தது.

தோட்டத்துக் கொட்டகையில் நானே செய்த ஸ்கேனர் ஒன்று இருக்கிறது. ஒரு சின்ன மோட்டார், ஒரு கமரா, சுருளை ஒவ்வொரு கட்டமாக இழுத்துப் படம் பிடிக்கும். சுருங்கி வளைந்த சுருள் அதில் நேராக ஓடாது. நூறு கட்டம் ஓடும், நிற்கும், நான் விரலால் தட்டிவிட வேண்டும். சாப்பாட்டுக்கு உட்கார்ந்தால் இரண்டு வாய்க்குப் பிறகு எழும்பிப் போய் டின் மூடியைத் திறந்து மணந்து பார்ப்பேன். நேற்றையைவிட இன்றைக்குக் கூடிவிட்டதோ என்று இருக்கும்.

"உங்களுக்கு ஒரு சொல்லும் விளங்காத படம். அதுக்கு ஏன் இப்பிடி அந்தரப்படுறியள்?" என்று மனைவி கேட்டாள். "அவசரமில்லைத்தானே, ஆறுதலாச் செய்யுங்கோவன்."

"ஆறுதலாச் செய்ய ஏலாது."

முன்பு ஒருவர் தன் தாயின் வீடியோவைக் கொண்டுவந்து தந்திருந்தார். வேலை மும்முரத்தில் மாதக்கணக்கில் தட்டிலேயே வைத்துவிட்டேன். எடுத்துப் போட்டபோது பூஞ்சணம் பிடித்த நாடா துகளாக உதிர்ந்தது. அந்தத் தாயின் குரல் வேறெங்கும் இருக்கவில்லை. அவர் என்னை ஏசவுமில்லை. வெறும் பெட்டியை வாங்கிக்கொண்டு போனார்.

எட்டுச் சுருள்கள் ஒருவாறு தப்பின. ஐந்தாவதில் படம் இருந்தது, சத்தம் இல்லை. சினிமாச் சுருளின் ஓரத்தில்தான் சத்தம் ஒரு கோடாகப் பதிந்திருக்கும். அந்த ஓரத்தைப் பூஞ்சணம் முழுதாகத் தின்றிருந்தது. ஆபாவைக் கடைக்குக் கூப்பிட்டுக் காட்டினேன். திரையில் வாய்கள் அசைந்தன. பார்த்துக்கொண்டிருந்தவர் திடீரென்று அந்த வாய்களோடு சேர்ந்து பேசத் தொடங்கினார்.

"எல்லாம் ஞாபகம் இருக்கோ?"

"ஒவ்வொரு ஞாயிறும் பின் வரிசையில பிள்ளையை மடியில வைச்சுக்கொண்டு பார்த்தனான். இல்லாமல் எப்படி?"

மூன்று நாள் வந்தார். மைக்கைப் பிடித்துக்கொண்டு ஆண், பெண், கிழவன் எல்லோருக்கும் தன் குரலையே கொடுத்தார். அதைப் படத்தோடு சேர்த்தேன்.

அவர்களுடைய பகுதியில் ஒரு மண்டபத்தில், சனிக்கிழமை பகல், படத்தைப் போட்டோம். முப்பது பேரளவில் வந்திருந்தார்கள். ஐந்தாவது சுருளில் ஒரு காட்சி. கணவன் படகேறிப் போகப் போகிறான். படித்துறையில் மனைவி ஏதோ சொல்கிறாள். அந்த இடத்தில் முன்வரிசையில் இருந்த ஒரு முதியவர் எழுந்து கையை வீசிச் சத்தம் போட்டார். ஆபா திருப்பிச் சத்தம் போட்டார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. படத்தை நிறுத்தினேன்.

பக்கத்தில் இருந்தவர் விளக்கினார். "கதவு திறந்திருக்கும்" என்று மனைவி சொல்வதாக ஆபா பேசியிருக்கிறார். அது பிழை, "திறந்திருக்காது" என்பதுதான் வசனம் என்கிறார் அந்த முதியவர். அவரும் ஞாயிறு தவறாமல் வந்தவர்தான்.

வாயைப் பார்த்துத் தீர்ப்போம் என்று அந்த இடத்தை மெதுவாக ஓட்டினேன். எங்கள் மொழியைப் போலவே அவர்களுடையதிலும் 'இல்லை' கடைசியில்தான் வருமாம். அந்தக் கடைசிச் சொல் வரவேண்டிய கணத்தில் நடிகை ஆற்றுப் பக்கம் முகத்தைத் திருப்பிவிடுகிறாள். ஆறேழு தரம் ஓட்டினேன். ஆறேழு தரமும் திருப்பினாள்.

ஆபா நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். பிறகு என்னிடம் மட்டும் சொன்னார்: "என்ர மனுசன்தான் முதல் லண்டனுக்கு வந்தவர். நான் மூண்டு வருசம் ஊரில காத்திருந்தனான். என்ர கதவு திறந்துதான் இருந்தது. அதுதான் எனக்கு அப்பிடிக் கேட்டுதோ தெரியேல்லை." கொஞ்சம் பொறுத்து, "அந்த ஐயாவின்ர குரலையும் பதியுங்கோ" என்றார்.

முதியவர் கடைக்கு வந்து அந்தச் சுருள் முழுவதையும் தன் ஞாபகப்படி பேசினார். இன்னும் நாலு இடத்தில் இருவரும் வேறுபட்டார்கள். படத்தை இரண்டு ஒலியோடும் டாக்காக் காப்பகத்துக்கு அனுப்பினோம். எது அசல் என்று கேட்டு ஒரு படிவம் வந்தது. 'தெரியாது' என்று எழுதினேன். எழுதிய பிறகும் கடையில் ஆள் இல்லாத நேரமெல்லாம் அந்தப் படித்துறையைப் போட்டுப் போட்டுப் பார்த்தேன். இன்னொரு பிரதி எங்காவது இருந்தால் சத்தம் இருக்குமே என்று தெரிந்தவர் தெரியாதவர் எல்லோருக்கும் போன் எடுத்தேன்.

பேர்மிங்காமில் ஒருவர் தன் தகப்பனுடைய டின்கள் கராஜில் கிடப்பதாகச் சொன்னார். ஆபாவும் நானும் கோச் பஸ்ஸில் போனோம். வழி முழுக்க அவர் கால்களை ஆட்டிக்கொண்டே வந்தார். கராஜில் இரண்டு டின்கள்தான் இருந்தன. ஆபா ஒரு சுருளின் முதல் சில அடிகளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். அது வேறு படம். பெயர் தெரியவில்லை, நடிகர்களையும் தெரியவில்லை. டினுக்குள் மூக்கை வைத்துப் பார்த்து, "இதுவும் புளிக்கத் தொடங்கிட்டுது, பாய்" என்றார்.

ஆளுக்கொரு டின்னைத் தூக்கிக்கொண்டு அடுத்த கோச்சைப் பிடிக்க வேகமாக நடந்தோம்.