பூஜை அலமாரியில் ஒரு நீர்க்குமிழி

போன ஞாயிற்றுக்கிழமை பக்கத்து ஃபிளாட்டுக்குப் போய்ச் சண்டை போட்டுவிட்டு வந்தேன். என் வீட்டு விஷயமில்லை. என்னை யாரும் கூப்பிடவும் இல்லை. இருந்தாலும் போட்டேன். மனசு இன்னும் ஆறவில்லை. அதான் இங்கே வந்து கொட்டுகிறேன்... நீங்களாவது கேளுங்கள்.

எல்லாம் ஒரு போட்டோவால் வந்தது.

பக்கத்து ஃபிளாட் செல்வி, திண்டிவனம் பக்கத்துப் பெண். புருஷன் குமார் நம்ம திருவேற்காட்டுப் பையன்தான், அம்பத்தூர் எஸ்டேட்டில் சூப்பர்வைசர். கல்யாணமாகிப் பல வருஷம் ஆகியும் குழந்தையில்லை. போகாத கோயில் இல்லை, குடிக்காத கஷாயம் இல்லை. கடைசியில் டெஸ்ட் டியூப் முறைக்குப் போனார்கள். குமாருக்கு லீவு கிடைக்காத நாளெல்லாம் செல்விக்குத் துணை நான்தான். எட்டாவதோடு நின்றவள் நான். ஆஸ்பத்திரியில் எனக்கு என்ன புரியப்போகிறது என்று நினைத்துக்கொண்டுதான் போனேன்.

ஆனால் அந்த டாக்டரம்மா இருக்கிறாரே, தங்கமானவர். கம்ப்யூட்டரை எங்கள் பக்கம் திருப்பி வைத்து, எனக்கும் சேர்த்தே விளக்கினார்.

பெண்ணின் முட்டை ஒன்று. அதைச் சுற்றி விந்தணுக்கள் கூட்டமாக முட்டி மோதுகின்றன. அதில் ஒன்றே ஒன்று உள்ளே நுழைகிறது. நுழைந்ததும் முட்டையின் மேல்தோல் இறுகிப் போகிறதாம் — இனி யாருக்கும் இடமில்லை! அம்மாவிடமிருந்து பாதி, அப்பாவிடமிருந்து பாதி. இரண்டும் சேர்ந்து ஒரே ஒரு செல். ‘சைகோட்’ என்றார். அந்த ஒன்று இரண்டாகிறது, இரண்டு நாலாகிறது, நாலு எட்டாகிறது. ஆனால் மொத்த அளவு கூடுவதில்லை... ஒரே லட்டைப் பிட்டுப் பிட்டு வைப்பது போல. ஐந்தாம் நாள் உள்ளே நீர் கோத்து ஒரு குமிழி மாதிரி ஆகிறது. அதற்குள் ஓர் ஓரமாகக் கொத்தாக ஒட்டிக்கொண்டிருப்பதுதான் பிள்ளையாக வளரப்போவது. வெளியே சுற்றியிருக்கும் வரிசை நஞ்சுக்கொடியாகப் போவது.

"நாங்க முட்டையையும் விந்தணுவையும் சேர்த்து வைக்கிறோம், சூடும் சத்தும் குடுக்கிறோம், அவ்வளவுதாம்மா. பிரியறதும் வளர்றதும் அதுவாதான் பண்ணுது" என்றார்.

என் கை தானாகக் கன்னத்தில் போட்டுக்கொண்டது. டாக்டரம்மா சிரித்தார். நான் வெட்கப்படவில்லை. கண்ணுக்குத் தெரியாத ஒரு துளிக்கு, எது பிள்ளை, எது கொடி என்று தெரிந்திருக்கிறதே! இதைப் பார்த்துக் கும்பிடாமல் வேறு எதைப் பார்த்துக் கும்பிடுவது?

கருவைக் கர்ப்பப்பையில் வைத்த அன்று அதன் போட்டோவைச் செல்வியிடம் கொடுத்து அனுப்பினார்கள். கறுப்பு வெள்ளையில் வட்டமாக ஒரு நீர்க்குமிழி. செல்வி அதைப் பூஜை அலமாரியில், அம்மன் படத்துக்குப் பக்கத்தில் வைத்தாள். ஓரத்தில் கடுகளவு குங்குமப் பொட்டு. சரியாகத்தான் வைத்திருக்கிறாள் என்று நானும் விளக்கேற்றிவிட்டு வந்தேன்.

மறுநாளே வந்தார் பூந்தமல்லி அத்தை. குமாரின் அப்பாவோடு பிறந்தவர். தாயில்லாத குமாரை வளர்த்து ஆளாக்கியவர். அதனால் அவர் எது சொன்னாலும் குமார் வாயே திறக்க மாட்டான்.

"இன்னாடி இது? அப்பளத்துக்கெல்லாம் பொட்டு வச்சிக் கும்பிட்டுகினு கீறீங்க?"

செல்வி தயங்கித் தயங்கிச் சொன்னாள். அத்தையின் முகம் சுருங்கியது.

"சீ... ஆம்பள பொம்பள சமாச்சாரத்த எடுத்தாந்து சாமி பக்கத்துல வச்சிக்கீறியே, அறிவு கீதா உனக்கு?"

செத்த கரப்பானைத் தூக்குவது போல இரண்டு விரலால் அந்தப் போட்டோவைத் தூக்கினார். எங்கே கொண்டுபோய் வைத்தார் தெரியுமா? வாசலில் இருக்கிற செருப்பு ஸ்டாண்டின் மேல்!

அவர் போன பிறகு செல்வி அதை எடுத்து, முந்தானையால் துடைத்து, மறுபடி அலமாரியில் வைத்தாள். அன்றைக்கு நான் எதுவும் சொல்லவில்லை. பெரியவங்க, போகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அப்புறம் ரத்தப் பரிசோதனை. கரு தங்கவில்லை.

டாக்டரம்மாவே போன் பண்ணிச் செல்வியிடம் பேசினார். ஸ்பீக்கரில் நானும் கேட்டேன். "நல்லாக் கேட்டுக்கோம்மா. நீ நடந்ததால இல்ல, படி ஏறினதால இல்ல, நீ சாப்பிட்ட எதாலயும் இல்ல. நிறைய கரு இப்படித்தான் தங்காமப் போயிடும். சேரும்போதே உள்ளே குரோமோசோம் கணக்கு தப்பியிருக்கலாம். சாதாரணமாக் கர்ப்பமாகிறவங்களுக்கும் இது நடக்குது. பாதிப் பேருக்கு உண்டானதே தெரியாமப் போயிடுது." செல்வி ‘ம்’ ‘ம்’ என்றாள்.

அந்த ‘ம்’ ஞாயிற்றுக்கிழமை வரைக்கும்தான் நின்றது. அத்தை வந்துவிட்டார். அவர் குரல் எங்கள் வீட்டு ஹாலில் கேட்டது.

"நான் அப்பவே சொன்னன்ல? கண்ட கருமத்த அம்மா பக்கத்துல வச்சா அவ சும்மா உடுவாளா? கோச்சிகினா! எடுத்துகினா!"

போய்ப் பார்த்தால் செல்வி தரையில் உட்கார்ந்திருக்கிறாள். அழவில்லை. "என்ன பரிகாரம் செய்யணும் அத்தை?" என்று கேட்கிறாள். டாக்டர் சொன்னதெல்லாம் காற்றோடு போய்விட்டது. தன் பிள்ளையைத் தானே கொன்றுவிட்டதாக நம்பிவிட்டாள் அந்தப் பெண்!

எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ...

"அத்தே, நீங்க திட்டறது செல்வியை இல்ல. அம்மனைத் திட்டறீங்க."

"நானா? அம்மாவையா? வாய களுவு!"

"பின்ன? ஒரு போட்டோ வச்சதுக்காக ஒரு உசிரப் பறிச்சிட்டான்னு சொல்றீங்களே. அப்படிப்பட்டவளுக்கா ஆடி மாசம் கூழ் ஊத்தறீங்க? நம்ம எல்லாரும், நீங்க நான் எல்லாம், அந்த போட்டோவுல இருக்கிற மாதிரிதானே ஆரம்பிச்சோம்? அது அசிங்கம்னா கோயில் க்யூவுல நிக்கிற அத்தனை பேரும் அசிங்கம்தானே?"

"இவ பெரிய டாக்டரு! எங்க ஊட்டு விசயத்துல நீ யாரும்மா? இவ வயிறு சரியில்ல, அதான் தங்கல. அத்தச் சொல்ல வந்தா..."

அதுவரை ஜன்னலோரமாக நின்றிருந்த குமார் திரும்பினான்.

"அத்தே, நிறுத்து. அதுல பாதி என்னுது. திட்டறதுன்னா எனக்கும் பாதி திட்டு."

"உன்ன நான் இன்னாடா சொன்னேன், நைனா?"

"அதான் அத்தே... இத்தினி வருசமா என்ன மட்டும் ஒண்ணுமே சொல்ல மாட்டேன்ற."

அத்தை பையை எடுத்துக்கொண்டு ஷேர் ஆட்டோவுக்குக் கிளம்பிவிட்டார்.

எனக்கு ஒன்றுதான் புரியவில்லை. நமக்கு யார் மேலோ ஆத்திரம். அதைச் சொல்ல நம் சொந்த வாயே போதுமே. ஏன் சாமி வாயைக் கடன் வாங்குகிறோம்? குழந்தை இல்லாவிட்டால் சாமி கோபம். பெண்ணாய்ப் பிறந்தால் சாமி சோதனை. கரு தங்காவிட்டால் சாமி தண்டனை. நாம் வைத்த பெயரையெல்லாம் சுமந்துகொண்டு அவள் அங்கே வேப்பிலைக்கு நடுவே பேசாமல் உட்கார்ந்திருக்கிறாள். கேட்பதற்கு ஆள் இல்லை என்ற தைரியம்தானே? தினமும் விளக்கேற்றுகிறவள் சொல்கிறேன்... நாத்திகம் பேசுகிறவன்கூட என் அம்மனை இவ்வளவு கேவலமாகப் பேசியதில்லை.

அதற்கப்புறம் நாலு நாள் செல்வி கதவைத் திறக்கவில்லை. நான் சொன்னது அவள் காதில் ஏறியதா, அத்தை சொன்னதுதான் தங்கிவிட்டதா... தெரியாமல் தவித்துக்கொண்டிருந்தேன்.

வெள்ளிக்கிழமை காலை அவளே வந்து பெல் அடித்தாள். தலைக்குக் குளித்திருந்தாள். பூ இல்லை, தேங்காய்ப் பை இல்லை, வெறுங்கை.

"அக்கா, கோயிலுக்கு வர்றீங்களா?"

"பரிகாரத்துக்கா?"

"இல்லக்கா. சண்டை போட."

செருப்பை மாட்டிக்கொண்டு கூடவே கிளம்பினேன். ஒருத்தி போய்க் கேட்டால் அம்மன் சிரித்தே மழுப்பி அனுப்பிவிடுவாள் — ரெண்டு பேராகப் போய் நின்றால்தான் பதில் சொல்வாள்.