தங்கையன் வருத்தம் தெரிவிக்கவில்லை

கிராம சேவக் தங்கையன் இறந்துபோன செய்தி காலைத் தபாலில் வந்தது. ஒன்றிய அலுவலகத்துக்கு வரும் உறைகளைப் பிரித்துப் பதிவதும் தட்டச்சரான என் வேலைதான். கடற்கரைப் பக்கம் அவர் கடைசியாக வேலை பார்த்த ஒன்றியத்திலிருந்து வந்த கடிதம் அது. மஞ்சள் காமாலையில் காலமாகிவிட்டபடியால் அன்னாரின் பழைய கோப்பை அனுப்பி வைக்கவும் என்று இருந்தது. இறந்து பன்னிரண்டு நாள் ஆகியிருந்தது. வயது நாற்பத்தொன்று. கடிதத்தைப் பதிந்து, எண் போட்டு, ஆணையரின் மேசையில் கொண்டுபோய் வைத்தேன். திரும்பி வந்து அவருடைய பழைய கோப்பைத் தேடி எடுத்தேன்.

அன்று மாலை இரங்கல் கூட்டம். இந்த ஒன்றியத்துக்காரர்களான உங்களில் பலர் வந்திருந்தீர்கள். நம் பக்கத்திலிருந்து ஜப்பானுக்குப் போய் வந்த ஒரே கிராம சேவக் என்றார்கள். அதிர்ந்து பேசமாட்டார் என்றார்கள். ஒன்றியச் சேர்மன் பேசும்போது, "தவறு நேர்ந்தால் ஒப்புக்கொண்டு வருத்தம் தெரிவிக்கும் பண்பாளர்" என்றார். நீங்கள் தலையசைத்தீர்கள். நானும் அசைத்தேன். அதைத் திரும்பப் பெற வேண்டும் என்பதற்காக இதை எழுதுகிறேன்.

தங்கையன் எங்கள் ஊர்க்காரர். வலங்கைமானுக்குக் கிழக்கே, குடமுருட்டியிலிருந்து பிரியும் வாய்க்காலை ஒட்டிய ஊர். அவருடைய அப்பா எங்கள் பெரியப்பாவிடம் பண்ணையாளாக இருந்தவர். தங்கையன் படித்து, விவசாயப் பயிற்சி முடித்து, சாகுபடிக்கு வழி சொல்லும் கிராம சேவக் வேலைக்கு வந்து, நெல் சாகுபடி கற்றுவர ஓராண்டு ஜப்பானுக்கு அனுப்பப்பட்டார். அங்கே ஒரு விவசாயி வீட்டில் தங்கி, அவர் வயலிலேயே வேலை செய்தார்.

திரும்பி வந்தவரிடம் நெல்லைப் பற்றி யாரும் கேட்கவில்லை. அந்த ஊரில் பேயை எப்படி விரட்டுகிறார்கள் என்று கேட்டார்கள். மதியச் சாப்பாட்டு வேளைகளில் அவரும் சலிக்காமல் சொல்வார். குளிர்காலம் முடிகிற நாளில் சோயா மொச்சையை வறுத்து, "பேயே வெளியே போ, பாக்கியமே உள்ளே வா" என்று கத்திக்கொண்டு வீடு முழுக்க இறைப்பார்களாம். பிறகு தங்கள் வயது எத்தனையோ அத்தனை மொச்சையை எண்ணித் தின்பார்களாம். வாசலில் மத்தி மீன் தலையைக் குச்சியில் குத்தி மாட்டுவார்களாம்.

"மீன் தலையா? நாத்தம் குடலைப் பிடுங்குமேய்யா" என்றார் தலைமை எழுத்தர், தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே.

"அதுக்குத்தான் சார் மாட்டுறது. அந்த நாத்தத்துக்குப் பேய் கிட்ட வராதாம். எங்க தெருவுக்கு நீங்க யாரும் வர்றதில்லையே, அந்த மாதிரி."

எல்லோரும் சிரித்தோம். சிரித்து முடித்த பிறகு அவரவர் டிபன் பாக்ஸைப் பார்த்துக்கொண்டு சாப்பிட்டோம்.

இன்னொரு நாள், மற்றவர்கள் எழுந்து போன பிறகு, என்னிடம் மட்டும் மீதியைச் சொன்னார். "அந்த வீட்டுக்காரர்தாம்மா பேய் வேஷம் கட்டுவாரு. நிலம் அவருது, வீடு அவருது. கொம்பு வச்ச முகமூடியை மாட்டிக்கிட்டு என் முன்னால வந்து நின்னு, அடி, அடிங்கிறாரு. பிள்ளைங்க எல்லாம் அடிக்குதுங்க. எனக்குக் கை எழும்பல. கைநிறைய மொச்சையை வச்சுக்கிட்டு மரம் மாதிரி நிக்கிறேன். அவரு முகமூடியைக் கழட்டிட்டு, உடம்பு சரியில்லையான்னு கேக்குறாரு. நான் என்னத்தைச் சொல்ல?"

"கடைசியில அடிச்சீங்களா?"

"அடிச்சேன். மூணே மூணு. அதுவும் கால்ல."

பெரியப்பாவின் களத்தில் யார் யாரை அடித்தார்கள் என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

நான்கு வருடம் முன்பு குறுவையில் புகையான் விழுந்தது உங்களுக்கு நினைவிருக்கும். தூரின் அடியில் அப்பிக்கொண்டு சாற்றை உறிஞ்சும் பூச்சி. பச்சைப் பயிருக்கு நடுவே யாரோ அடுப்பு மூட்டியதுபோல் வட்டம் வட்டமாகக் கருகும். அந்த வருடம் கூலித் தகராறும் இருந்தது. பெரியப்பா நடவுக்கு வெளியூர் ஆட்களை இறக்கியிருந்தார். ஊர் முகப்பில் ஒரு மாதம் போலீஸ் வேன் நின்றது. ஒருவர் திங்கட்கிழமை மருந்து அடித்தால் பக்கத்து வயல்காரர் வெள்ளிக்கிழமை அடித்தார். பூச்சி இங்கிருந்து அங்கே போய்ப் பிழைத்துக்கொண்டது. ஊர் முழுக்க ஒரே நாளில் தண்ணீரை வடித்து, ஒரே நாளில் மருந்து அடித்தால்தான் அடங்கும் என்று தங்கையன் வீடு வீடாகச் சொல்லிப் பார்த்தார். மிராசுதார்களும் கூலிக்காரர்களும் ஒரே வரப்பில் நிற்கக்கூடத் தயாராக இல்லை.

அப்போதுதான் அவருக்கு ஜப்பானில் பார்த்த இன்னொரு வழக்கம் ஞாபகம் வந்தது. பயிரில் பூச்சி விழும் பருவத்தில், நெல் விளையும் ஊர்களில் வைக்கோலால் ஒரு பொம்மை செய்வார்கள். அந்த வருடத்துப் பூச்சி, பீடை எல்லாவற்றையும் அதன் தலையில் ஏற்றி, மேளம் கொட்டி, எல்லா வயல் வரப்பிலும் சுமந்துபோய் ஊர் எல்லையில் ஆற்றில் விடுவார்கள். வீட்டுக்கு ஒருவராக முறைவைத்துத் தூக்க வேண்டும். அவர் இருந்த ஊரில் அதிக நிலம் உள்ளவர்தான் முதலில் தூக்கினாராம்.

"உங்களுக்கு இதுல நம்பிக்கை உண்டா சார்?" என்று கேட்டேன்.

"பூச்சிக்குப் பொம்மையும் தெரியாது, மேளமும் தெரியாதும்மா. ஆனா பொம்மை பின்னால நடந்தா எல்லாரும் எல்லார் வயலையும் பார்ப்பாங்க. பார்த்துட்டா மறுநாள் சேர்ந்து மருந்து அடிப்பாங்க. எனக்கு அது போதும்."

பெரியப்பா உடனே ஒத்துக்கொண்டார். ஆளுங்கட்சிக்கு மாறிய பிறகு அவர் மேடையில் பகுத்தறிவு பேசுவார். வீட்டில் பல்லி கத்தினால் புறப்பட்ட காலைப் பின்னால் வைப்பார். தீப்பந்தம் பிடித்துப் போனால் இன்னும் எடுப்பாக இருக்கும் என்றுகூடச் சொன்னார். தங்கையன் மறுத்துவிட்டார். "கிழக்கே குடிசையைக் கொளுத்தினதிலேருந்து இந்தப் பக்கம் தீப்பந்தத்தைப் பார்த்தா எங்க பிள்ளைங்க மிரளும். பகல்லயே வச்சுக்குவோம்."

ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு தெரு ஜனமும் வாய்க்கால் மதகடியில் கூடினார்கள். நான் பிறந்ததிலிருந்து அப்படி ஒரு கூட்டத்தை எங்கள் ஊரில் பார்த்ததில்லை. நடவு வேலை செய்யும் அஞ்சலை பொம்மையைக் கட்டியிருந்தாள். பத்து வயதுப் பிள்ளை உயரம் இருந்தது. தங்கையன் அதைத் தூக்கி வந்து பெரியப்பாவின் முன்னால் நிறுத்தினார்.

"முதல்ல நீங்க தூக்கணும் அய்யா."

பெரியப்பா கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். "நானா? பீடையைத் தூக்குறது என் வேலையாடா தங்கையா? காலங்காலமா அதைத் தூக்குறது எவன்னு உனக்குத் தெரியாது? ஏ அஞ்சலை, வந்து தூக்கு."

அஞ்சலை நகரவில்லை. "ஏன் ஆண்டே, செத்த மாட்டைத் தூக்குறோம். சாவுச் சேதி சொல்லப் போறோம். இப்ப உங்க பூச்சியையும் நாங்கதான் தூக்கணுமா? அதுக்கு என்ன கூலின்னு இவரு ஜப்பான்ல கேட்டுட்டு வந்தாரா?"

அவள் தெருக்காரர்கள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புதான் பெரியப்பாவுக்குத் தாங்கவில்லை. முகம் கறுத்தது. தங்கையன் சிரிக்கவில்லை. பொம்மையைப் பக்கத்து வயலின் வரப்பில் சாய்த்து வைத்தார்.

"அப்ப இது இங்கேயே இருக்கட்டும் அய்யா. உங்க வீட்டிலேருந்து ஆள் வந்து தூக்குற வரைக்கும் இருக்கட்டும்."

கூட்டம் கலைந்தது. யாரும் சேர்ந்து மருந்து அடிக்கவில்லை. பத்தாம் நாள் அந்த வயல் முழுக்கக் கருகிப்போனது. ஊரில் இன்னும் பல வயல்கள் கருகின. ஆனால் பொம்மை சாய்ந்திருந்த வயலைப் பற்றித்தான் பேச்சு.

அந்த வயல் காகிதத்தில் என்னுடையது. உச்சவரம்புச் சட்டம் வந்தபோது பெரியப்பா நிலத்தைப் பிரித்துச் சொந்தக்காரர்கள் பேரில் எழுதியதில் எனக்கும் கொஞ்சம் வந்திருந்தது. அதில் நான் கால் வைத்ததுகூட இல்லை. ஆணையருக்குப் பெரியப்பா கொடுத்த மனுவில் பாதிக்கப்பட்டவர் என்று என் பெயர் இருந்தது. தங்கையன் மூடநம்பிக்கையைப் பரப்பி, பகுத்தறிவு அரசின் கொள்கைக்கு விரோதமாக நடந்துகொண்டார் என்று முதல் பத்தி. பீடைப் பொம்மையை வேண்டுமென்றே வைத்து வயலைக் கெடுத்தார் என்று இரண்டாம் பத்தி. இரண்டும் ஒரே தாளில். படித்த யாருக்கும் அது உறுத்தவில்லை. சேர்மன் அதன்மேல் நடவடிக்கை எடுக்கும்படி எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

பெரியப்பாவிடம் போய்க் கேட்டேன். "உன் நிலம்மா. உனக்காகத்தானே பண்றேன்" என்றார். நான் திரும்பி வந்துவிட்டேன்.

மெமோவை நான்தான் அடித்தேன். விளக்கம் கொடுக்கப் பதினைந்து நாள். தங்கையன் தன் விளக்கத்தை ஒரு முழுத்தாளில் கையால் எழுதிக் கொண்டுவந்து, "நல்லா அடிச்சுக் குடுங்கம்மா" என்று என்னிடம் தந்தார். அது மேசையில் இருந்தபோது ஆணையர் எடுத்துப் படித்தார். அவர் கெட்டவர் இல்லை. கதவைச் சாத்திவிட்டுச் சொன்னார்: "இந்தக் கடைசிப் பத்தி வேண்டாம்மா. எடுத்துட்டு, நடந்ததுக்கு வருந்துகிறேன்னு போட்டு அடிச்சுடு. ஒரு எச்சரிக்கையோட முடிச்சுடலாம். இப்படியே மேலே போனா வேலை போயிடும். அந்த ஆளுக்கு நாலு பிள்ளை."

அடித்தேன். அவரைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்துக்கொண்டுதான் அடித்தேன்.

சாயங்காலம் கையெழுத்துப் போட வந்தார். படித்துப் பாருங்கள் என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் பேனாவைத் திறந்துவிட்டார்.

"நீங்க அடிச்சதும்மா. பார்க்க என்ன இருக்கு?"

எச்சரிக்கையோடு முடியவில்லை. மேலிடத்திலிருந்து பதில் ஒரு மாதத்தில் வந்தது. தாங்களே வருத்தம் தெரிவித்துள்ளபடியால் குற்றச்சாட்டு நிரூபணமாகிறது, விசாரணை தேவையில்லை என்று இருந்தது. சம்பள உயர்வு நிறுத்தம். கடற்கரை ஒன்றியத்துக்கு மாற்றல். விசாரணை நடந்திருந்தால் அஞ்சலை வந்திருப்பாள். அவள் தெருவே வந்திருக்கும். எப்போது கூப்பிடுவார்கள் என்று அவர்கள் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தக் கதவை நான் ஒரே ஒரு சொல்லால் சாத்திவிட்டேன்.

தங்கையன் உத்தரவை என் மேசைக்கு எதிரே நின்று படித்தார். இரண்டாம் முறையும் படித்தார். நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

"எழுத்துப் பிழையே இல்லம்மா" என்றார்.

பொறுப்பு ஒப்படைக்கும் பட்டியலை அவரே கையால் எழுதினார். முப்பது பக்கத்துக்கு மேல் இருக்கும். தட்டச்சுக்குக் கொடுக்கலாமே என்று யாரோ கேட்டதற்கு, "பரவால்ல, நான் எழுதினது நான் எழுதின மாதிரியே இருக்கட்டும்" என்றார். அது எனக்குக் கேட்கும்படிதான் சொன்னார். பிறகு நான் அவரைப் பார்க்கவில்லை. மன்னிப்புக் கேட்டுப் பல கடிதங்கள் எழுதினேன், ஒன்றையும் தபாலில் சேர்க்கவில்லை. அவருக்கு உடம்பு சரியில்லை என்பதுகூட எனக்குத் தெரியாது.

அவருடைய கோப்பு நாளை கடற்கரைக்குப் போகிறது. மனைவி ஒருநாள் அதைக் கேட்கலாம். பிள்ளைகள் படிக்கக்கூடும். அப்பா வருத்தம் தெரிவித்தார் என்றுதான் அதில் இருக்கும். அவர் கையால் எழுதிய முழுத்தாளை நான் கிழித்துப்போட்டிருக்க வேண்டும், செய்யவில்லை. இன்று காலை அதைக் கோப்பில் வைத்துத் தைத்து, பக்க எண் போட்டு, உள்ளடக்கப் பட்டியலில் சேர்த்துவிட்டேன். யாரைக் கேட்டுச் சேர்த்தாய் என்று எனக்கும் ஒரு மெமோ வரலாம். வந்தால் என் விளக்கத்தை நானே அடித்துக்கொள்வேன். இதனால் அவருக்கு ஒரு பயனும் இல்லை என்று எனக்குத் தெரியும்.

இனி தாள் என்னிடம் இல்லை. நான் எடுத்துவிட்ட அந்தக் கடைசிப் பத்தி மட்டும் மனப்பாடமாக இருக்கிறது. அவரிடமிருந்து நான் வைத்திருப்பது அவ்வளவுதான். கூட்டத்தில் தலையசைத்த நீங்களும் ஒருமுறை படியுங்கள்:

"பொம்மை செய்யச் சொன்னது நான். அதற்காக நான் வருந்தவில்லை. மூடநம்பிக்கை எது என்று விசாரிப்பதானால், அதைத் தூக்கிவந்த கையை விட்டுவிட்டுத் தொட மறுத்த கையை விசாரிக்கக் கேட்டுக்கொள்கிறேன். சாட்சி சொல்ல எங்கள் தெரு முழுவதும் வரும். நாள் மட்டும் குறித்து அனுப்பவும்."