டப்பாவுக்குள் இருந்த சீட்டு

ஜெர்மனியில் பான் நகரில் இருந்த இரண்டு வருடமும் எனக்குச் சோறு போட்டவை பேசாத படங்கள்தான். பல்கலைக்கழகத்தின் பழைய படக் காப்பகத்தில், அடித்தளத்தில் ஒரு மேசை, அதில் ஒரு சின்னத் திரை. பசு கன்று ஈனுவது, முள்ளெலி குட்டி போடுவது, தவளை முட்டையிடுவது என்று அந்தக் காலத்தில் கறுப்பு வெள்ளையில் எடுத்த சுருள்களை ஓட்டிப் பார்க்க வேண்டும். எந்த நிமிடத்தில் என்ன நடக்கிறது என்று சீட்டில் எழுதி டப்பாவுக்குள் வைக்க வேண்டும். கல்யாணமாகி ஆறு வருடமாக ஆஸ்பத்திரிக்கு அலைந்துகொண்டிருந்தவளுக்கு வாய்த்த வேலையைப் பாருங்கள்.

பக்கத்து மேசையில் மதுரைப் பெண் ஒருத்தி, என்னைவிட ஐந்து வயது சின்னவள். கல்யாணமான நாலாம் மாதமே உண்டாகிவிட்டாள். தாங்கள் பிளான்கூடப் பண்ணவில்லை என்று சிரித்துக்கொண்டே சொன்னாள். அந்தச் சிரிப்பை நான் மன்னிக்கவே இல்லை. பொறாமை என்றால் அப்படியொரு பொறாமை. அவள் ஊறுகாய் பாட்டிலைத் திறந்தாலே எனக்கு வயிறு எரியும்.

ஏழாம் மாதத்தில் ஒருநாள், பிரசவத்தை நினைத்தால் பயமாக இருக்கிறது, ஏதாவது ஒரு படம் போட்டுக் காட்டுங்கள், பார்த்தால் தைரியம் வரும் என்றாள். சுகமாக ஈன்ற பசுக்கள் அலமாரியில் எத்தனையோ இருந்தன. என் கை ஒரு குறிப்பிட்ட டப்பாவுக்குப் போயிற்று. கை போயிற்று என்பதுகூடப் பொய். நான்தான் எடுத்தேன்.

கன்று விழுந்தது. தாய் நக்கியது. நக்கிக்கொண்டே இருந்தது. இயந்திரத்தின் கரகரப்பைத் தவிர வேறு சத்தமில்லை.

"எழுந்திரிச்சிரும்லக்கா?"

அவள் குரலைக் கேட்டதும் எனக்கு உடம்பு கூசியது. படத்தைப் பின்னோக்கி ஓட்டினேன். கன்று தாய்க்குள்ளேயே திரும்பிப் போயிற்று. பசு வாயிலிருந்து வைக்கோலை ஒவ்வொன்றாக வெளியே விட்டுக்கொண்டு நின்றது. பழைய சுருள், மீதி அறுந்துவிட்டது, முடிவு எனக்கும் தெரியாது என்றேன்.

அவள் நம்பினாள். சுருளை எடுத்து வைக்க எனக்கு ஒத்தாசை செய்ய வந்தவள், டப்பாவின் அடியில் கிடந்த சீட்டைப் படித்தாள். என் கையெழுத்து அவளுக்கு நன்றாகத் தெரியும். ஒன்பதாம் நிமிடம், கன்று எழவில்லை என்று போன மாதமே எழுதி வைத்திருந்தேன்.

அவள் சீட்டை இருந்த இடத்திலேயே வைத்து மூடியை அழுத்தினாள். பிறகு நாற்காலியில் கிடந்த சால்வையை எடுத்து, என் கண்ணில் படாதபடி வயிற்றை மூடிக்கொண்டாள்.