நான் பார்க்காத பச்சை

பனியன் கம்பெனியில் என்னைப் போலத் துணியின் சாய ஷேடு பார்க்கிறவன் எதையும் நம்பக் கூடாது: சாயப்பட்டறைக்காரன் பேச்சை, ட்யூப்லைட்டை, மத்தியான வெயிலை. கண்ணை வைத்துப் பிழைக்கிற யாருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

கேமராவோடு வந்தவள்

முதலாளியின் அக்கா மகள் பரிசோதனைப் படம் எடுக்க வந்தாள். கதை கிடையாது, ஆள் கிடையாது. நிட்டிங் மெஷின் சுற்றுவதை மட்டும் எடுத்தாள், அதுவும் கறுப்பு வெள்ளையில். கலர் துணி மலையாய்க் கிடக்கிற ஊரில்!

அதே வாரம்தான் ஷேடு பார்க்கும் மெஷின் விற்கிறவன் ஆபீசில் டீ குடித்துவிட்டுப் போயிருந்தான். எனக்குப் பொறி தட்டியது. “எதுக்கு அம்மிணி இதெல்லாம்?” என்றேன்.

“கறுப்பும் வெள்ளையும் தாளம் மாதிரி மாறி மாறி வந்தா, கண்ணு தானா கலர் போட்டுக்கும் அப்புச்சி. உங்க கண்ணுதான் எனக்கு வேணும்.”

செக்கிங் ரூம் சுவர்

சாப்பாட்டு நேரத்தில் எல்லாரையும் கூட்டி, ஜன்னலை மூடிப் படம் போட்டாள். கறுப்பு, வெள்ளை, கறுப்பு, வெள்ளை. மெஷின் ஓடுகிற வேகம். கொஞ்சத்தில் ஓரமாகப் பச்சை தெரிந்தது. கண்ணாடியைத் துடைத்தேன். பச்சை போகவில்லை. வேர்த்துவிட்டது. இல்லாத பச்சையைப் பார்க்கிறவனிடம் எந்த முதலாளி துணியை நீட்டுவார்? என்னை வீட்டுக்கு அனுப்பத்தான் இந்த ஏற்பாடு.

லைட் போட்டதும் முதலாளி என்னைத்தான் முதலில் கேட்டார். “கறுப்பு, வெள்ளை. வேற ஒண்ணுமில்லீங்க” என்றேன்.

தூத்துக்குடிக்கார டெய்லர் திரும்பிப் பார்த்தார். “என்ன அண்ணாச்சி, எங்க எல்லாருக்கும் பச்சையா வந்துச்சே, உங்களுக்கு மட்டும் தெரியலியா?”

காலி மேஜை

மறுநாள் என் மேஜைக்குத் துணி வரவில்லை. முதலாளி மரியாதையாகவே சொன்னார்: “கண்ணாஸ்பத்திரிக்கு ஒரு நடை போயிட்டு வாங்க, அப்புறம் பாக்கலாமுங்க.” பொய் சொன்னதை ஒப்புக்கொண்டேன். அவர் நம்பவில்லை. நேற்று இல்லாத பச்சை இன்றைக்கு எப்படி வந்தது என்றார். நானாக இருந்தாலும் நம்பியிருக்க மாட்டேன்.

முதலாளியையும் நிறுத்திவைத்து, அம்மிணியிடம் படத்தை மறுபடி போடச் சொன்னேன். பச்சை வந்த இடத்தில் விரலை வைத்தேன். “இது சுத்தப் பச்சை இல்ல. மஞ்சள் ஒரு சொட்டு தூக்கலா இருக்கு. என் மேஜைக்கு வந்தா ரிஜெக்ட்.”

முதலாளி சிரித்துவிட்டார். “இல்லாத கலரையே ரிஜெக்ட் பண்றாருங்க! துணியெல்லாம் இவருகிட்டயே கொண்டு போங்க.”

மெஷின்காரன் அதற்குப் பிறகு டீ குடிக்க வரவில்லை என்றாலும், சுவரில் எது ஆடினாலும் இப்போதெல்லாம் பக்கத்து ஆளுக்கு என்ன கலர் தெரிகிறது என்று கேட்டுவிட்டுத்தான் நான் வாயைத் திறக்கிறேன்.