கொட்டலசுக்காரியின் தட்டுகள்

ஆய்வுக்கூடத்தில் அவளுக்குக் கொட்டலசுக்காரி என்றுதான் பெயர். படகின் அடியிலும் பாறையிலும் சுண்ணாம்புக் கூடு கட்டி ஒட்டிக்கொள்ளுமே கொட்டலசு, அதன் குஞ்சுகளை வளர்த்து ஆராய்வதுதான் அவள் வேலை. மூக்குமேல் கோபம். ஊரெல்லாம் சுரண்டி எறிவதை இவள் ஊட்டி வளர்க்கிறாள் என்று கேலி செய்த அண்ணனோடு ஒரு வருஷம் பேசவில்லை.

மூன்று வருஷமாக அதே பாடு. குஞ்சு ஆறு தரம் தோலுரிக்க வேண்டும். ஒவ்வொரு தரமும் பாதி செத்துப்போகும். ஆறாவதற்குப் பிறகு சாப்பாட்டையே நிறுத்திவிட்டு, உடம்பிலுள்ள கொழுப்பை நம்பி ஒட்ட இடம் தேடும். கண்ட இடத்தில் ஒட்டாது. ஒட்டும் இடத்தில் பாசிபோல் வழுவழுப்பு படிந்திருக்க வேண்டும், தன் இனம் இருந்த தடமும் வேண்டும். அதற்காகவே இருபது தட்டுகளை ஒரு மாதம் கடலில் கிடத்தி எடுத்து வைத்திருந்தாள். இந்த முறைதான் நூறு குஞ்சுகளாவது கடைசிப் பருவத்தை எட்டியிருந்தன. அவற்றுக்கு இன்னும் பத்து நாள்தான் தெம்பு.

அன்றைக்கென்று கூடத்தைப் பார்வையிட மேலிடத்து ஆட்கள் வருகிறார்களாம். காலையில் அவள் வந்தபோது இருபது தட்டுகளும் பளபளவென்று அடுக்கியிருந்தன. 'தொடாதீர்கள்' என்று எழுதி ஒட்டிய சீட்டையும் கிழித்தெறிந்திருந்தார்கள். சோப்புக் கையோடு நின்ற பணியாளர், இயக்குநர் ஐயா சொன்னார், தேய்த்தேன் என்றார். எய்தவன் இருக்க அம்பை நோவானேன்?

இயக்குநர் அறைக்குள் கதவைத் தட்டாமலே நுழைந்தாள். அந்த மனுஷனுக்கு ஒட்டடைக்கும் உழைப்புக்கும் வித்தியாசம் தெரியாது. அழுக்குதானே, மறுபடி கடலில் போட்டால் தானாகப் படிந்துவிடாதா என்று நிதானமாகக் கேட்டார். அதற்கு ஒரு மாதமாகும் என்றாள். அப்படியானால் அடுத்த தடவை பார்த்துக்கொள்ளலாமே என்றார்.

"வந்து பாருங்க சார்," என்றாள். குரலில் இருந்த கொதிப்பைக் கேட்டு அவரும் எழுந்து வந்தார்.

கழுவிய தட்டில் குஞ்சுகளை விட்டு மைக்ராஸ்கோப்பைத் திருகிக் கொடுத்தாள். அவர் குனிந்தார். ஒரு குஞ்சு முன்னிரண்டு கொம்புகளை ஊன்றி ஊன்றி நடந்தது. நின்றது. தட்டைத் தடவியது. மறுபடி நடந்தது. பக்கத்தில் இன்னொன்றும் அப்படித்தான். அவர் வெகுநேரம் தலையை எடுக்கவில்லை.

"என்னத்தம்மா தேடுது?"

"நீங்க கழுவச் சொன்னத, சார்."